சைஃபன்: மேடேறி இறங்கும் நீரும், அந்தப் பெயரைச் சுமக்கும் பிறவும்

கேள்வி இரண்டு பகுதிகளாக வந்திருக்கிறது. சைஃபன் வேலை செய்வதற்குக் காற்றழுத்தமே காரணம் என்று பள்ளியில் படித்தவர், புவியீர்ப்பே காரணம் என்று அண்மையில் வேறோரிடத்தில் படித்துவிட்டு, இரண்டில் எது சரி என்று கேட்கிறார். கிளிஞ்சலுக்கும் கணவாய்க்கும் கொசுப்புழுவுக்கும்கூட சைஃபன் இருப்பதாக உயிரியல் நூல்கள் சொல்கின்றனவே, டின்னுக்குள் டியூப் விட்டு மண்ணெண்ணெய் இறக்குகிறோமே, அதுவும் இதுவும் ஒன்றுதானா என்பது அவருடைய அடுத்த கேள்வி. முதலாவது தெளிந்தால்தான் இரண்டாவதற்கு விடை சொல்ல முடியும் என்பதால் அந்த வரிசையிலேயே எழுதுகிறேன்.

குழப்பத்தின் வேர் சொல்லிலேயே இருக்கிறது. கிரேக்க மொழியில் சைஃபன் என்றால் வெறும் குழாய் என்றுதான் பொருள். அதனால் பிற்காலத்தில் குழாய் போலத் தெரிந்த எதற்கும், நீரைக் கொண்டுசெல்லும் எந்த உறுப்புக்கும், அந்தப் பெயரைத் தாராளமாகச் சூட்டிவிட்டார்கள். தமிழில் வடிகுழாய் என்று எழுதுகிறோம்; பேச்சில் சைஃபன் என்றே புழங்குகிறது. பொறியியலில் அதற்குக் கறாரான ஒரு பொருள் உண்டு. ஒரு பாத்திரத்தில் உள்ள நீர், தன் சொந்த மட்டத்துக்கு மேலே ஒரு முகட்டை ஏறிக் கடந்து, தொடங்கிய மட்டத்துக்குக் கீழே சென்று விழ வேண்டும்; ஓட்டம் தொடங்கிய பிறகு பம்போ வேறு எந்திரமோ தொடர்ந்து உதவக் கூடாது. இந்த இரண்டு நிபந்தனைகளையும் நிறைவேற்றுவதுதான் சைஃபன். இந்த உரைகல்லைக் கையில் வைத்துக்கொண்டால், அந்தப் பெயரில் உலவும் பலவற்றுக்கு அந்தப் பெயர் பொருந்தாது என்பது தெரிந்துவிடும்.

இனி காரணத்துக்கு வருவோம். ஒரு முக்காலியின் மேல் நீர் நிறைந்த வாளி இருக்கிறது. அதில் ஒரு டியூபின் ஒரு முனை மூழ்கியிருக்கிறது. டியூப் நீர்மட்டத்துக்கு அரை மீட்டர் மேலே ஏறி வளைந்து, நீர்மட்டத்துக்கு ஒரு மீட்டர் கீழே வந்து முடிகிறது. டியூப் முழுக்க நீர் நிரம்பியிருக்கிறது என்றும், வளைவின் உச்சியில் மெல்லிய தடுப்பு ஒன்று நிற்கிறது என்றும் வைத்துக்கொள்ளுங்கள். கடல்மட்டத்தில் காற்றழுத்தம் ஏறத்தாழ 10.3 மீட்டர் உயர நீரைத் தாங்கும். வாளிப் பக்கத்தில் நீர் அரை மீட்டர் ஏறியிருப்பதால், தடுப்பின் இந்தப் பக்கத்தில் மிஞ்சும் அழுத்தம் 9.8 மீட்டர் நீருக்குச் சமம். மறுபக்கத்தில் வெளிவாயிலிருந்து உச்சி வரை 1.5 மீட்டர் உயரம் இருப்பதால், அங்கே மிஞ்சுவது 8.8 மீட்டர். தடுப்பை எடுத்தால் நீர் அழுத்தம் மிகுந்த பக்கத்திலிருந்து குறைந்த பக்கத்துக்கு ஓடும். அந்த வித்தியாசம் சரியாக ஒரு மீட்டர். வாளியின் நீர்மட்டத்துக்கும் வெளிவாய்க்கும் உள்ள உயர வேறுபாடும் அதே ஒரு மீட்டர். கழித்துப் பார்க்கும்போது 10.3 என்ற எண் இரண்டு பக்கமும் அடிபட்டுப் போவதைக் கவனியுங்கள். காற்று இரண்டு முனைகளையும் ஏறக்குறைய ஒரே அளவில் அழுத்துகிறது. ஆகவே அது ஓட்டத்தை உண்டாக்க வழியில்லை. ஓட வைப்பது புவியீர்ப்புதான்.

அப்படியானால் காற்றழுத்தத்துக்கு இதில் வேலையே இல்லையா என்றால், இருக்கிறது. ஆனால் அது வேறு வேலை. உச்சியில் நீரின் அழுத்தம் வெளிக்காற்றின் அழுத்தத்தைவிடக் குறைவு. அது மேலும் மேலும் குறைந்துகொண்டே போனால், ஒரு கட்டத்தில் நீரில் கரைந்துள்ள காற்று குமிழியாகப் பிரியும். அதற்கும் கீழே போனால் நீரே ஆவியாகக் கொதித்து, நீர்த்தம்பம் நடுவில் அறுந்துவிடும். அப்படி அறாமல் இரு பக்கமிருந்தும் நெருக்கிப் பிடித்து வைத்திருப்பது காற்றழுத்தம். வண்டியை இழுப்பது மாடு, சக்கரம் கழன்றுவிடாமல் காப்பது கடையாணி என்று சொன்னால் இந்த உறவு விளங்கும்.

கப்பியில் தொங்கும் சங்கிலியின் நீளமான பக்கம் குட்டையான பக்கத்தை இழுப்பது போலத்தான் சைஃபனும் என்று பல பாடநூல்கள் விளக்கும். அந்த உவமையில் எனக்கு நம்பிக்கை இல்லை. ஏறும் கிளையை வாளி அளவுக்குத் தடிமனாகவும் இறங்கும் கிளையை விரல் அளவுக்கு மெல்லியதாகவும் செய்து பாருங்கள். எடை முழுவதும் ஏறும் பக்கத்தில்தான் இருக்கும்; சங்கிலியாக இருந்தால் அது பின்னோக்கி ஓடியிருக்கும். நீரோ வழக்கம் போல வெளிவாயை நோக்கித்தான் ஓடும். எடையைப் பார்க்கக் கூடாது, செங்குத்து உயரத்தைத்தான் பார்க்க வேண்டும் என்பதற்கு இந்த ஒரு சோதனை போதும்.

காற்றழுத்தமே காரணம் என்ற தவறு பள்ளிப் புத்தகங்களோடு நின்றுவிடவில்லை. ஆஸ்திரேலியாவின் குயின்ஸ்லாந்து தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தின் இயற்பியலாளர் ஸ்டீஃபன் ஹியூஸ், மர்ரே ஆற்றிலிருந்து பானி ஏரிக்கு இரண்டு மாதங்களில் ஆயிரம் கோடி லிட்டர் நீரைக் கொண்டுசென்ற பெரிய சைஃபன் ஒன்றைப் பற்றிக் கட்டுரை எழுதும்போது, ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதி சைஃபனுக்குக் காற்றழுத்தமே காரணம் என்று 1911 முதல் சொல்லி வந்திருப்பதைக் கண்டார். 2010இல் அவர் அதைச் சுட்டிக்காட்டியது செய்தியாயிற்று. பின்னர் அவரும் உடன் ஆய்வாளர்களும், விமானிகளின் பயிற்சிக்குப் பயன்படும் தாழழுத்த அறையில் ஒரு சைஃபனை ஓடவிட்டு, ஏறத்தாழ 12 கிலோமீட்டர் உயரத்தில் உள்ள அழுத்தம் வரை குறைத்துக்கொண்டே போனார்கள். காற்றழுத்தம் பாதியாகக் குறைந்தால் ஓட்டமும் பாதியாகக் குறைய வேண்டும் என்று பழைய விளக்கத்தை நம்புகிறவர் எதிர்பார்ப்பார். அப்படி நடக்கவில்லை. உச்சியில் நீர் உடையும் கட்டம் வரும் வரை ஓட்டம் ஏறத்தாழ மாறாமலே இருந்தது.

உச்சி எவ்வளவு உயரம் போகலாம் என்பதற்கும் இங்கேயே விடை கிடைக்கிறது. நீருக்குக் கடல்மட்டத்தில் கொள்கையளவில் சுமார் 10 மீட்டர். பாதரசத்துக்கு 76 சென்டிமீட்டர். மலையேறினால் அந்த எல்லை சுருங்கும்: 2,240 மீட்டர் உயரத்தில் உள்ள உதகமண்டலத்தில் நீருக்கு எட்டு மீட்டர்கூடக் கிடைக்காது. நடைமுறையில் பொறியாளர்கள் கடல்மட்டத்திலேயே ஏழு, ஏழரை மீட்டருக்கு மேல் நம்பி இறங்குவதில்லை. இன்னொரு நுணுக்கத்தைப் பலர் மறந்துவிடுகிறார்கள். உச்சியின் அழுத்தத்தைத் தீர்மானிப்பது அது வாளி மட்டத்துக்கு மேல் எவ்வளவு இருக்கிறது என்பது மட்டுமல்ல; ஒரே விட்டமுள்ள, உராய்வு குறைந்த குழாயில் நீர் ஓடிக்கொண்டிருக்கும்போது, உச்சிக்கும் வெளிவாய்க்கும் இடையிலுள்ள முழு உயரமும் கணக்கில் சேர்ந்துவிடும். வேகமாக ஓடட்டும் என்று வெளிவாயை மலையடிவாரம் வரை இறக்கினால் உச்சியில் நீர் அறுந்துவிடும். அதனால்தான் பெரிய சைஃபன்களில் கீழ்முனையில் ஒரு வால்வு வைத்து, ஓட்டத்தைச் சற்று நெருக்கிப் பிடிக்கிறார்கள்.

பத்து மீட்டர் எல்லையையும் மீற முடியும் என்பது வேறு கதை. கரைந்திருந்த காற்றை முழுவதும் நீக்கிய நீரைக் கொண்டு 15 மீட்டர் உயர சைஃபனை ஹியூஸின் குழுவினர் ஓடவைத்துக் காட்டினார்கள். 2015இல் அந்தக் கட்டுரை வெளிவந்தது. தூய நீரின் மூலக்கூறுகள் ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு இழுவிசையைத் தாங்கக்கூடியவை என்பதே அதன் காரணம். மரங்களைப் பற்றிப் பேசும்போது இதற்குத் திரும்புவோம்.

கொள்கையை இத்தோடு நிறுத்திவிட்டு வீட்டுக்குள் வருகிறேன். சில ஆண்டுகளுக்கு முன் எங்கள் வீட்டு மொட்டைமாடித் தொட்டி இரவில் தானாகக் காலியாகத் தொடங்கியது. மாலையில் மோட்டார் போட்டு வழிய வழிய நிரப்புவோம்; விடிந்து பார்த்தால் அடியில் ஒரு சாண் நீர்தான் கிடக்கும். வெடிப்பு இருக்கிறதா என்று பார்த்தோம், குழாய்களை ஒவ்வொன்றாக மூடிப் பார்த்தோம், ஒன்றும் அகப்படவில்லை. எனக்குச் சந்தேகத்தைக் கிளப்பியது அந்த ஒரு சாண்தான். வெடிப்பாக இருந்தால் நீர் நாளுக்கொரு மட்டத்தில் நிற்கும். இங்கே தினமும் அதே மட்டத்தில் வந்து நின்றது. தொட்டிக்குள் டார்ச் அடித்துப் பார்த்தபோது விஷயம் புலப்பட்டது. நீர் விழும் சத்தம் கேட்கக் கூடாது என்று, கிணற்றிலிருந்து வரும் குழாயைத் தொட்டியின் விளிம்பு வழியாக உள்ளே திருப்பி, அடியிலிருந்து ஒரு சாண் உயரம் வரை இறக்கிவிட்டிருந்தார் குழாய் வேலை செய்தவர். கிணற்றுக்குள் குழாயின் அடிமுனையில், ஏறிய நீர் திரும்ப இறங்காமல் தடுக்கும் ஃபுட் வால்வு தேய்ந்து கசியத் தொடங்கியிருந்தது. மோட்டார் நின்றதும், தொட்டி நீர் அதே குழாய் வழியாக விளிம்பை ஏறிக் கடந்து, கசியும் வால்வின் வழியே இரவெல்லாம் மெல்ல மெல்லக் கிணற்றுக்கே திரும்பிக்கொண்டிருந்தது. மேலே சொன்ன அந்தக் கீழ்முனை நெருக்கத்தை எங்களுக்குத் தேய்ந்த வால்வே இலவசமாகச் செய்து கொடுத்துவிட்டது.

ஃபுட் வால்வை மாற்றுவது ஒரு நாள் வேலை. அதற்குள் தற்காலிகமாக, தொட்டி மூடிக்குச் சற்றுக் கீழே, நீர் எட்டாத உயரத்தில், குழாய் வளையும் இடத்தில் நான்கு மில்லிமீட்டர் துளை ஒன்று போட்டேன். மோட்டார் ஓடும்போது அதிலிருந்து நூல் போல ஒரு தாரை தொட்டிக்குள்ளேயே பீய்ச்சி விழும். மோட்டாரை நிறுத்தியதும் ‘ஸ்ஸ்’ என்று காற்றை உள்ளே இழுக்கும் ஒலி இரண்டு நொடி கேட்கும், பிறகு அடங்கிவிடும். உச்சியில் காற்று புகுந்ததும் நீர்த்தம்பம் இரண்டாகப் பிரிந்து சைஃபன் செத்துவிடுகிறது. அந்தத் துளையை இன்றுவரை அடைக்கவில்லை.

குளியலறைக் குழாய்களிலும் இதே பகை நடக்கிறது. கழிவுநீர்க் குழாயின் துர்நாற்றம் உள்ளே வராமல் தடுப்பதற்காக வளைவில் கொஞ்சம் நீர் தேங்கும்படி டிராப் வைக்கிறார்கள். இந்த வளைவுக்கு 1775இல் லண்டனில் காப்புரிமை பெற்றவர் அலெக்சாண்டர் கம்மிங் என்ற கடிகாரத் தொழிலர். ஒரு வாளி நீரை ஒரேயடியாகக் கொட்டினால், அது குழாயை நிறைத்துக்கொண்டு இறங்கும்போது, தேங்கியிருக்க வேண்டிய நீரையும் சைஃபனாகச் சேர்த்து இழுத்துச் சென்றுவிடும். மாடி வரை காற்றுக்குழாய் எழுப்புவது இதைத் தடுக்கத்தான். அதை வீண் செலவு என்று விட்டுவிட்ட வீடுகளில் எத்தனை பினாயில் ஊற்றினாலும் நாற்றம் போகாது. பழைய கட்டடங்களில் உயரத்தில் தொங்கிய சங்கிலி ஃபிளஷ் தொட்டியோ சைஃபனை வேண்டி விரும்பி அழைத்தது. சங்கிலியை இழுத்து விட்டால், உள்ளே இருக்கும் கனத்த இரும்பு மணி தூக்கப்பட்டுத் திரும்ப விழும். விழும் வேகத்தில் கொஞ்சம் நீரை நடுக்குழாயின் வாய்க்கு மேல் தள்ளிவிடும். அவ்வளவுதான், மீதி நீர் முழுவதும் அதன் பின்னாலேயே போய்விடும்.

இதிலிருந்து எனக்கு மிகவும் பிடித்த வகைக்கு வருகிறோம்: தானாகத் தொடங்கித் தானாக நிற்கும் சைஃபன். வட இந்தியாவில் வசுதேவர் கிண்ணம் என்ற பழைய விளையாட்டுப் பொருள் ஒன்று உண்டு. கிண்ணத்தின் நடுவில், குழந்தைக் கண்ணனைச் சுமந்து யமுனையைக் கடக்கும் வசுதேவர் நிற்பார். நீரை ஊற்ற ஊற்ற மட்டம் ஏறும். கண்ணனின் பாதத்தைத் தொட்டதும் யமுனை வடிந்தது போலக் கிண்ணத்து நீர் முழுவதும் அடி வழியாக ஓடிவிடும். உருவத்துக்குள் ஒளிந்திருக்கும் வளைகுழாயின் உச்சி சரியாகப் பாதத்தின் மட்டத்தில் இருக்கிறது என்பதே இரகசியம். கிரேக்கர்கள் இதே கிண்ணத்துக்கு பித்தாகரஸின் பெயரைச் சூட்டி, அளவுக்கு மீறி மது ஊற்றிக்கொள்பவனை மொத்தமும் இழக்க வைக்கும் கிண்ணம் என்று கதை சொன்னார்கள்.

விளையாட்டுப் பொருளில் உள்ள அதே வளைவை வானிலை நிலையத்தின் தானியங்கி மழைமானியிலும் பார்க்கலாம். புனலில் விழும் மழை ஒரு சிறிய அறைக்குள் சேர, மிதவை மேலேறும். மிதவையோடு இணைந்த பேனா, கடிகார உருளையில் சுற்றிய தாளின்மேல் கோடு இழுத்துக்கொண்டே ஏறும். 10 மில்லிமீட்டர் மழை சேர்ந்ததும் அறையின் சைஃபன் விழித்துக்கொண்டு நீர் முழுவதையும் சில நொடிகளில் வடித்துவிடும். பேனா செங்குத்தாகப் பூஜ்யத்துக்கு இறங்கி, மறுபடி ஏறத் தொடங்கும். மறுநாள் காலையில் தாளை எடுப்பவர், செங்குத்துக் கோடுகளை எண்ணினால் போதும்: 12 கோடும் கடைசியில் பாதி ஏற்றமும் இருந்தால் 125 மில்லிமீட்டர். எந்த மணியில் எவ்வளவு வேகமாகக் கொட்டியது என்பதும் கோட்டின் சாய்விலேயே எழுதியிருக்கும். வேதியியல் ஆய்வகங்களில் மூலிகையிலிருந்தும் வித்திலிருந்தும் எண்ணெயைப் பிரிக்கும் சாக்ஸ்லெட் கருவியும் இதே குடும்பம்தான். பாலின் கொழுப்பை அளப்பதற்காக ஃபிரான்ஸ் ஃபான் சாக்ஸ்லெட் 1879இல் அமைத்த அந்தக் கருவியில், கரைப்பான் சொட்டுச் சொட்டாக நிரம்பி, பக்கக் குழாயின் வளைவை எட்டியதும் மொத்தமாகக் கீழே இறங்கும். யாரும் தொடாமல், மணிக்கணக்கில் அது தானே நிரம்பித் தானே வடிந்துகொண்டிருக்கும்.

இயற்கையில் உண்மையான சைஃபன் எங்கே என்ற கேள்விக்கு விடையும் இதே வரிசையில் நிற்கிறது: இடைவிட்டுப் பாயும் ஊற்றுகள். சுண்ணாம்புப் பாறைக்குள் மழைநீர் அரித்து உண்டாக்கிய குகை ஒன்றில் நீர் சேர்கிறது. அதன் போக்குவழி, பாறைக்குள்ளேயே மேல்நோக்கி வளைந்து பிறகு மலைச்சரிவில் கீழே திறக்கிறது. குகையின் நீர்மட்டம் வளைவின் உச்சியை எட்டும் வரை வெளியே ஊற்று வறண்டு கிடக்கும். எட்டியதும் குமுறிக்கொண்டு பாயும். குகை வடிந்து காற்று புகுந்ததும் நின்றுவிடும். இத்தாலியின் கோமோ ஏரிக்கரையில் நாளுக்கு மூன்று முறை ஏறி இறங்கும் ஊற்றைப் பற்றி ரோமானிய எழுத்தாளர் இளைய பிளினி கி.பி. முதல் நூற்றாண்டின் இறுதியை ஒட்டிய காலத்தில் வியந்து கடிதம் எழுதியிருக்கிறார். எருசலேமின் கீஹோன் ஊற்றும் பழங்காலத்தில் விட்டு விட்டுப் பாய்ந்தது. குமுறி வருவது என்ற பொருளில்தான் எபிரேயத்தில் அதற்கு அந்தப் பெயரே அமைந்தது. பிரான்சின் ஃபோந்தெஸ்தோர்ப், அமெரிக்காவின் வயோமிங் மாநிலத்தில் ஆஃப்டன் ஊருக்கு அருகிலுள்ள ஊற்று ஆகியவற்றை இன்றும் நேரில் பார்க்கலாம்.

இந்த ஊற்றுகள் ஆண்டு முழுவதும் துடிப்பதில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். மழையும் பனியுருகலும் மிகுந்த மாதங்களில் அவை இடைவிடாது ஓடும். நீர் குறைந்த மாதங்களில்தான் விட்டு விட்டுப் பாயும். குகைக்குள் வரும் நீர், சைஃபன் வடிக்கும் அளவைவிடக் குறைவாக இருந்தால்தான் குகை காலியாகி ஓட்டம் நிற்க முடியும் என்பதே காரணம். மறுமுனையிலும் ஓர் எல்லை உண்டு. வரத்து மிகவும் மெதுவாக இருந்தால், நீர் வளைவின் அடிப்பாகத்தை நனைத்துக்கொண்டு மெல்லக் கசிந்துவிடும். குழாய் நிறையாது, சைஃபனும் பிறக்காது. வசுதேவர் கிண்ணத்தில் சொட்டுச் சொட்டாக நீர் விட்டுப் பாருங்கள், அடியில் அதே சொட்டுக் கணக்கில் வடிந்துகொண்டிருக்கும். யமுனை இறங்கவே இறங்காது.

பெரிய கட்டுமானங்களுக்கு வருவோம். அணையில் வெள்ளம் கூடும்போது கலிங்கு வழியாக வழிந்தோடும் நீர் மெல்லிய படலமாகத்தான் போகும்: முப்பது சென்டிமீட்டர் தடிமனில் வழிந்தால், ஒரு மீட்டர் நீளக் கலிங்கில் நொடிக்கு ஏறத்தாழ 0.28 கன மீட்டர்தான் வெளியேறும். அதே முகட்டின் மேல் கான்கிரீட் மூடி ஒன்றைக் கவிழ்த்து அதைச் சைஃபனாக்கினால், மட்டம் முகட்டைச் சற்றுத் தாண்டியதுமே நீர் உள்ளிருக்கும் காற்றை இழுத்துக்கொண்டு போய்க் குழல் நிறைந்துவிடும். முகட்டுக்கும் மூடிக்கும் நடுவே ஒரு மீட்டர் உயரத் தொண்டையும் ஐந்து மீட்டர் வீழ்ச்சியும் இருந்தால் நொடிக்கு ஆறு கன மீட்டருக்கு மேல் போகும். இருபது மடங்குக்கும் அதிகம். ஷட்டரும் வேண்டாம், நள்ளிரவில் அதைத் திறக்க ஆளும் வேண்டாம். மைசூர் சமஸ்தானப் பொறியாளர் கணேஷ் ஐயர், புனல் வடிவில் நீரைச் சுழற்றி இறக்கும் ஒரு வகை சைஃபனை உருவாக்கினார். சராவதி ஆற்றின் ஹிரேபாஸ்கரா அணையில் அவை அமைந்தன. பின்னர் லிங்கனமக்கி நீர்த்தேக்கம் வந்து அந்த அணையையே மூழ்கடித்துவிட்டது. நீர் நன்றாக வற்றும் கோடைகளில் அந்தப் புனல்கள் வரிசையாகத் தலைகாட்டுகின்றன. குறை ஒன்றும் உண்டு: இவ்வகைக் கலிங்கு மெதுவாகத் திறக்கத் தெரியாதது. தொடங்கினால் முழு வேகத்தில் தொடங்கும், கீழே ஆற்றில் இருப்பவர்களுக்கு அது ஆபத்து.

இமயமலையில் வேறு தேவை. சிக்கிமில் சுமார் 5,200 மீட்டர் உயரத்தில் இருக்கும் தெற்கு லோனாக் பனியேரி உடையக்கூடும் என்ற அச்சத்தில், 2016இல் மாநில அரசும் லடாக்கின் சோனம் வாங்சுக் குழுவினரும் அங்கே எச்.டி.பி.இ. என்ற பிளாஸ்டிக் குழாய்களைச் சுமந்து சென்று சைஃபன் அமைத்து நீரை வெளியேற்றினார்கள். மின்சாரமும் டீசலும் எளிதில் எட்டாத இடத்துக்கு அது பொருத்தமான தேர்வு. ஆனால் அந்த உயரத்தில் காற்றழுத்தம் கடல்மட்டத்தில் உள்ளதில் பாதிதான். உச்சியின் எல்லை கொள்கையளவிலேயே ஐந்தேகால் மீட்டர் அளவுக்குச் சுருங்கிவிடும். ஏரி மட்டத்தை சைஃபனால் எவ்வளவு இறக்க முடியும் என்பதற்கும் அதுவே வேலி. 2023 அக்டோபர் தொடக்கத்தில் கரைச்சரிவு ஏரிக்குள் விழுந்து, வெள்ளம் புறப்பட்டு, சுங்தாங் அணையை அடித்துச் சென்றது. சைஃபன் தோற்றுப்போயிற்று என்று அப்போது சிலர் எழுதியது நியாயமில்லை. மலைச்சரிவைத் தாங்கும் வேலைக்கு அதை யாரும் வைக்கவில்லை.

இனி போலிகள். கால்வாய் ஒன்று வாய்க்காலையோ சாலையையோ குறுக்கே சந்திக்கும்போது, அதன் அடியில் குழாயாகப் புகுந்து மறுகரையில் எழும் அமைப்பைப் பொதுப்பணித் துறையினரும் விவசாயிகளும் சைபன் என்றே சொல்வார்கள். ஆங்கிலப் பொறியியலில் தலைகீழ் சைஃபன் என்று பெயர். இதில் நீர் தன் மட்டத்துக்கு மேலே எங்கும் ஏறுவதில்லை. வளைவு கீழ்நோக்கி இருக்கிறது, உள்ளே அழுத்தம் குறைவதற்குப் பதிலாகக் கூடுகிறது. ஆகவே நம் உரைகல்லில் இது தேறாது. ஆனாலும் சாதனையில் குறைந்ததல்ல: இன்றைய துருக்கியில் உள்ள பெர்கமோனில், கி.மு. 2ஆம் நூற்றாண்டிலேயே ஏறத்தாழ 190 மீட்டர் ஆழப் பள்ளத்தாக்கை இப்படி அழுத்தக் குழாயில் கடந்து கோட்டைக்கு நீர் கொண்டுபோனார்கள். கன்னியாகுமரி மாவட்டத்து மாத்தூரில் பள்ளத்தாக்குக்கு மேலே தொட்டிப்பாலம் கட்டியது இதற்கு நேரெதிரான வழி. நம் ஏரிகளின் குமிழித் தூம்பையும் சிலர் பெருமிதத்தில் சைஃபன் என்று எழுதுகிறார்கள். ஏரிக்குள் இருக்கும் தொட்டியின் துளை வழியாக இறங்கி, கரைக்கு அடியில் சுருங்கை வழியே வெளியேறும் அந்த நீர் எந்த இடத்திலும் ஏரி மட்டத்தைத் தாண்டுவதில்லை. தூம்பின் பெருமைக்கு, சேற்றையும் சேர்த்து வெளியேற்றும் அதன் அமைப்பே போதும். இல்லாத பட்டம் வேண்டாம். சோடா சைஃபனில் நீரைத் தள்ளுவது அடைத்த வாயு. வீட்டு மாடியின் சோலார் ஹீட்டரில் நடக்கும் தெர்மோ சைஃபன், சூடான நீர் இலேசாகி மேலே எழுவது.

உயிரினங்களில் மரத்தைத்தான் முதலில் சொல்ல வேண்டும். நூறு மீட்டரைத் தாண்டும் கலிபோர்னிய செம்மரங்களின் உச்சிக்கு நீர் ஏறுவது எப்படி என்பதற்கு டிக்ஸன், ஜாலி என்ற இரு அறிவியலாளர்கள் 1894இல் விளக்கம் தந்தார்கள்: இலையில் நீர் ஆவியாக ஆவியாக, மூலக்கூறுகளின் பிடிப்பால் மெல்லிய குழல்களில் உள்ள நீர்த்தம்பம் முழுவதும் மேலே இழுக்கப்படுகிறது. இறங்கும் கிளை இல்லாததால் அது சைஃபன் அல்ல. ஆனால் 15 மீட்டர் சைஃபன் எந்தப் பிடிப்பை நம்பி ஓடியதோ, அதே பிடிப்புதான் மரத்திலும். ஒட்டகச்சிவிங்கியின் கழுத்தில் இரத்தம் ஏறி இறங்குவது சைஃபனா என்பது உடலியலாளர்களின் நீண்டகாலச் சண்டை. மூளையிலிருந்து இறங்கும் சிரைகள் மெல்லிய சுவர் கொண்டவை. அழுத்தம் குறைந்தால் சப்பி ஒட்டிக்கொள்ளும். சப்பிய குழாய் எப்படி இழுக்கும் என்று கேட்பவர்கள் பக்கமே நான் சாய்கிறேன். மனிதனுடையதைப் போல ஏறத்தாழ இரு மடங்கு இரத்த அழுத்தத்தை அந்த விலங்கின் இதயம் உண்டாக்குகிறது. சைஃபன் பளுவைச் சுமந்திருந்தால் அவ்வளவு உழைப்புக்குத் தேவை இருந்திருக்காது.

கேட்டவர் குறிப்பிட்ட மூன்று உயிரினங்களிடம் இருப்பதோ குழாய் என்ற பழைய கிரேக்கப் பொருளில் மட்டுமே சைஃபன். மணலில் புதைந்த கிளிஞ்சல் இரண்டு குழாய்களை மேலே நீட்டும். செவுள்களின் நுண்மயிர்கள் இடைவிடாது அசைந்து ஒன்றின் வழியாக நீரை இழுத்து, உணவை வடிகட்டி, மற்றதன் வழியாக வெளியே விடுகின்றன. கணவாய் தன் உடற்போர்வையைச் சுருக்கிக் குழாய் வழியே நீரைப் பீய்ச்சிப் பின்னோக்கிப் பாய்கிறது. இரண்டிலும் உயிரின் உழைப்பே பம்பு. புவியீர்ப்புக்கு அங்கே வேலை இல்லை. கொசுப்புழுவின் சைஃபனில் நீரே போவதில்லை, அது காற்றை இழுக்கும் மூச்சுக்குழாய். நீரின்மேல் எண்ணெய் தெளித்தால் புழு சாவது இந்தக் குழாய் அடைபடுவதால்தான். மூடி சரியாகப் பொருந்தாத தொட்டியை எட்டிப் பார்த்தால் நீங்களே வகை பிரித்துவிடலாம். குழாயை நீர்ப்பரப்பில் பொருத்தித் தலைகீழாகத் தொங்கும் புழுவுக்குக் குழாய் நீண்டு மெலிந்திருந்தால் கியூலெக்ஸ், குட்டையாகத் தடித்திருந்தால் ஏடிஸ். தொங்காமல் நீர்ப்பரப்போடு ஒட்டிக் கிடைமட்டமாகப் படுத்திருந்தால் அது அனாஃபிலிஸ், அதற்கு சைஃபனே கிடையாது.